காயத்துக்குப் பிறகு மைக்: கூடைப்பந்து வீரர் வர்ணனையாளர் ஆவது எப்படி?

காயத்தால் ஆட்டத்தை விட்ட கூடைப்பந்து வீரர் ஒருவர், ஓரிரு ஆண்டுகளில் அதே மைதானத்தின் ஓரத்தில் ஹெட்செட் மாட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பதை அடிக்கடி பார்க்கிறோம். பெயர் பெற்றவர் என்பதற்காகவே அந்த நாற்காலி கிடைத்துவிட்டது என்று நினைக்கத் தோன்றும். ஆனால் கணக்கு அப்படி வரவில்லை. கிளார்க் கெலாக் அமெரிக்கத் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்பிஏவில் ஆடியது ஐந்தே பருவங்கள். முழங்கால் கெட்டுப்போனதால் கடைசி இரண்டு பருவங்களில் சேர்த்தே 23 ஆட்டங்கள்தான். அவர் சிபிஎஸ் தொலைக்காட்சியில் பல பத்தாண்டுகள் நிலைத்தார். அவரைவிடப் பல மடங்கு புகழ் பெற்றவர்கள் சிலர் ஒரே பருவத்தில் மைக்கை விட்டுப் போயிருக்கிறார்கள்.

காரணம் அந்த வேலையின் அமைப்பில் இருக்கிறது. அதை அடியிலிருந்து பார்ப்போம்.

யார் என்ன பேசுகிறார்கள்

ஒரு ஒளிபரப்பில் நாம் கேட்கும் குரல்கள் ஒரே வேலையைச் செய்வதில்லை.

1. முதன்மை வர்ணனையாளர். பந்து யாரிடம், யார் அடித்தார், ஸ்கோர் என்ன, கடிகாரத்தில் எவ்வளவு பாக்கி என்று சொல்பவர். பெரும்பாலும் ஒலிபரப்புப் பயிற்சியிலிருந்து வந்தவர். 'என்ன நடக்கிறது' என்பது அவர் பொறுப்பு.
2. ஆய்வு வர்ணனையாளர். பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் முன்னாள் வீரர் அல்லது பயிற்சியாளர். 'ஏன் நடந்தது' என்பது மட்டுமே இவர் பொறுப்பு.
3. ஸ்டுடியோ நிபுணர். ஆட்டத்துக்கு முன்பும் இடைவேளையிலும் முடிந்த பிறகும் பேசுபவர். யோசிக்க நேரம் உண்டு. கருத்தில் கூர்மை வேண்டும்.
4. களச் செய்தியாளர். அணியின் பெஞ்சுப் பக்கம் நின்று காயம், மாற்றம், பயிற்சியாளரின் பேச்சு ஆகியவற்றைத் தருபவர்.

காயமடைந்த வீரர்கள் பொதுவாக இரண்டாவது அல்லது மூன்றாவது இடத்துக்கு வருகிறார்கள். இரண்டும் வெவ்வேறு திறமைகள். சார்ல்ஸ் பார்க்லியின் இடது தொடைத் தசைநார் 1999 டிசம்பர் 8 அன்று ஃபிலடெல்பியாவில் அறுந்தது. ஒரே ஒரு விடைபெறும் ஆட்டத்துக்காகத் திரும்பி வந்துவிட்டு, 2000இல் டிஎன்டி தொலைக்காட்சியின் ஸ்டுடியோவில் அமர்ந்தார். அவருடைய பலம் விவாதம். அதற்கு மேசையும் எதிர்க்குரலும் வேண்டும். கெலாக் 2008 முதல் 2014 வரை கல்லூரிப் போட்டிகளின் தலைமை ஆய்வு வர்ணனையாளராக இருந்து, பிறகு ஸ்டுடியோவுக்குத் திரும்பினார். இதைப் பதவி இறக்கமாகப் படிக்கக் கூடாது. ஒருவருடைய பேச்சின் வேகம் எந்த நாற்காலிக்குப் பொருந்துகிறது என்பதே விஷயம்.

காயம் ஏன் இந்தப் பக்கம் கொண்டுவருகிறது

கூடைப்பந்தில் உடல் உடையும் இடங்கள் கிட்டத்தட்ட நிலையானவை. குதித்து இறங்குவது, ஓட்டத்திலிருந்து திடீரென்று நிற்பது, ஒரு காலை ஊன்றித் திரும்புவது ஆகிய மூன்றும் முழங்காலின் முன் சிலுவைத் தசைநாரையும், குதிகால் நாணையும், பாத எலும்புகளையும் தாக்குகின்றன. சிலுவைத் தசைநார் அறுந்து அறுவை செய்தால் திரும்பி ஆட பொதுவாக 9 முதல் 12 மாதம் ஆகும். பாதத்தின் நடுவிலுள்ள படகு வடிவ எலும்புக்கு இரத்த ஓட்டம் குறைவு; அங்கே விரிசல் விழுந்தால் மெதுவாகத்தான் கூடும், மறுபடியும் விரியும்.

அந்த மாதங்களில் வீரர் என்ன செய்கிறார் என்பதைத்தான் கவனிக்க வேண்டும். அவர் அணியோடு இருக்கிறார், பெஞ்சில் உட்காருகிறார், வீடியோ கூட்டங்களுக்குப் போகிறார். ஆட மட்டும் முடியாது. ஆடும்போது தன் ஆளையும் பந்தையும் மட்டும் பார்த்தவர், முதல் முறையாகப் பத்துப் பேரையும் சேர்த்துப் பார்க்கப் பழகுகிறார். எதிரணி எந்த அசைவுக்கு எந்தப் பதில் தருகிறது என்பது புலப்படத் தொடங்குகிறது. நீண்ட காயம் பெற்றவர்களிடமிருந்து நல்ல ஆய்வாளர்கள் வருவதற்கு இது ஒரு முக்கியக் காரணம் என்பது என் உறுதியான கருத்து.

கிராண்ட் ஹில் இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு. 2000இல் இடது கணுக்கால் உடைந்தபின் ஆர்லாண்டோ அணியில் முதல் மூன்று பருவங்களில் மொத்தம் 47 ஆட்டங்கள்தான் ஆட முடிந்தது. 2003-04 பருவம் முழுவதும் வெளியே. அதன் பிறகும் திரும்பி வந்து 2013 வரை ஆடினார். 2015 முதல் அமெரிக்கக் கல்லூரி இறுதிப் போட்டிகளின் ஆய்வு வர்ணனையாளர். அமெரிக்கப் பெண்கள் லீக்கில் ஆடிய ரெபெக்கா லோபோ 1999 பருவத்தின் முதல் ஆட்டத்திலேயே முழங்கால் தசைநாரை இழந்தார். பழைய வேகம் திரும்பவில்லை. 2003இல் ஓய்வு பெற்று இஎஸ்பிஎன் வர்ணனையாளராக நிலைபெற்றார். ஜே வில்லியம்ஸுக்கு அடி மைதானத்தில் படவில்லை. 2002இல் என்பிஏ அணிகள் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுத்தபோது இரண்டாவதாக எடுக்கப்பட்டவர், ஒரே ஒரு பருவம் ஆடிய பிறகு, 2003 ஜூனில் மோட்டார் சைக்கிள் விபத்தில் சிக்கினார்; காலின் முதன்மை நரம்பு அறுந்தது, முழங்கால் தசைநார்களும் கிழிந்தன. 2006இல் நெட்ஸ் அணியில் திரும்ப முயன்றும் முடியவில்லை. அவரும் இஎஸ்பிஎன் ஆய்வாளர் ஆனார்.

எட்டு நொடிக் கணக்கு

முன்னாள் வீரர்கள் முதலில் தடுமாறும் இடம் இது. எனவே கொஞ்சம் விரிவாக.

ஒரு அணி பந்தைப் பெற்றதும் 24 நொடிக்குள் கூடையை நோக்கி அடித்தாக வேண்டும். அதில் முதல் 8 நொடிக்குள் நடுக்கோட்டைத் தாண்ட வேண்டும். இந்த இரண்டு எண்களும் ஆட்டத்தின் விதிகள் மட்டுமல்ல, வர்ணனையின் இலக்கணமும் அவைதான். ஒரு கூடை விழுகிறது. முதன்மை வர்ணனையாளர் அடித்தவர் பெயரையும் ஸ்கோரையும் சொல்லி முடிக்கிறார். எதிரணி கோட்டுக்கு வெளியிலிருந்து பந்தை உள்ளே கொடுத்து நடுக்கோட்டை நோக்கி வருகிறது. இந்த இடைவெளிதான் ஆய்வாளருடையது. பந்து நடுக்கோட்டைத் தாண்டியதும் வாயை மூட வேண்டும்; மைக் மீண்டும் முதன்மை வர்ணனையாளருடையது.

அதாவது கையில் இருப்பது 5 முதல் 8 நொடி. ஏறக்குறைய 12 முதல் 15 சொற்கள். வாக்கியம் பாதியில் நிற்கக் கூடாது, ஏனென்றால் அடுத்த கூடை விழும்போது பழைய பேச்சைத் தொடர முடியாது. அதற்குள் வேறொன்று நடந்திருக்கும்.

ஓர் எடுத்துக்காட்டு. 'பிக் அண்ட் ரோல்' என்பது கூடைப்பந்தில் அதிகம் நிகழும் அசைவு. பந்து வைத்திருப்பவரின் தடுப்பாளரை மறிக்க ஓர் உயரமான வீரர் குறுக்கே வந்து நிற்பார். அந்த மறிப்புக்குப் பெயர் 'ஸ்கிரீன்'. மறித்தவர் உடனே கூடையை நோக்கித் திரும்பி ஓடுவார். தடுக்கும் அணியின் உயரமான வீரர் ஸ்கிரீன் வரை ஏறி வராமல் கூடைப்பக்கமே பின்வாங்கி நின்றால் அது 'டிராப்'. இந்த நிலையில் பந்து வைத்திருப்பவர் நடுத்தூரத்திலிருந்து அடித்துப் புள்ளி எடுத்துவிட்டார் என்று வைத்துக்கொள்வோம்.

புதியவர் சொல்வது: "அபாரமான ஷாட்! இன்று நல்ல நம்பிக்கையோடு ஆடுகிறார்." இதில் தகவல் எதுவும் இல்லை. கூடை விழுந்ததைப் பார்வையாளரே பார்த்துவிட்டார்.

இன்னொரு புதியவர் சொல்வது: "டிராப் கவரேஜில் பாக்கெட் திறந்திருந்தது, வீக் சைடு டேக் செய்யவில்லை." இது சரியான தகவல். பயிற்சியறையில் எல்லோருக்கும் புரியும், வீட்டில் பத்தில் ஒருவருக்குப் புரியும்.

தேர்ந்தவர் சொல்வது: "உயரமானவர் கூடையருகே நின்றுவிட்டார். நடுவில் யாருமில்லை. மூன்றாவது முறை இதே இடம்." ஒன்பதே சொல். காரணமும் இருக்கிறது, அடுத்து எங்கே பார்க்க வேண்டும் என்பதும் இருக்கிறது.

வீரருடைய அறிவு தசையில் இருக்கும் அறிவு. தடுப்பாளரின் தோள் திரும்பியதைப் பார்த்தவுடன் கால் தானாக நகரும். அதற்குச் சொல் தேவைப்பட்டதே இல்லை. அந்த அசைவைச் சொல்லாக்கி, சொல்லைச் சுருக்கி, சுருக்கியதை எட்டு நொடிக்குள் பொருத்துவது முழங்காலை மீட்பதைப் போலவே மாதக்கணக்கில் செய்ய வேண்டிய பயிற்சி. பெரிய நட்சத்திரங்களுக்கு இது கூடுதல் கடினம். எல்லாம் இயல்பாக வந்தவருக்கு அது எப்படி வந்தது என்று பிரித்துச் சொல்லத் தெரிவதில்லை.

ரீப்ளே: முடிவைத் தெரிந்துகொண்டு பேசுவது

ஆய்வாளரின் இன்னொரு முக்கிய நேரம் ரீப்ளே. மைதானத்துக்கு வெளியே நிற்கும் ஓபி வேனில் (ஒளிபரப்பு வண்டியில்) தயாரிப்பாளரும் இயக்குநரும் ரீப்ளே இயக்குபவரும் இருப்பார்கள். எந்தக் கோணம் வருகிறது என்பதைத் தயாரிப்பாளர் காதில் சொல்லி, எண்ணிக் கொடுப்பார். அப்போது செய்ய வேண்டியவை:

1. கண்ணை மைதானத்திலிருந்து எடுத்து மானிட்டருக்குக் கொண்டுவர வேண்டும். வீட்டில் தெரியாததைப் பற்றிப் பேசினால் பார்வையாளர் குழம்புவார்.
2. படம் ஓடத் தொடங்கும் முன்பே எங்கே பார்க்க வேண்டும் என்று சொல்ல வேண்டும்: "இடது மூலையில் நிற்பவரின் காலைப் பாருங்கள்." நடந்தபின் சொன்னால் அந்தக் கணம் போய்விட்டது.
3. பந்து இல்லாத வீரரைக் காட்ட வேண்டும். பந்தை எல்லோரும் பார்த்திருப்பார்கள்.
4. பந்து ஆட்டத்துக்குத் திரும்பும் முன் முடிக்க வேண்டும்.

எதிரணியின் தவறுக்காகத் தடையின்றி அடிக்கக் கிடைக்கும் ஃப்ரீ த்ரோ நேரத்தில் கூடுதல் அவகாசம் கிடைக்கும். சற்று நீளமான கருத்தை அதற்காகவே சேமித்து வைக்க வேண்டும். என்பிஏவில் டைம் அவுட் 75 நொடி என்றாலும் அதில் பெரும்பகுதி விளம்பரத்துக்குப் போய்விடும்.

காதில் இரண்டு குரல்

ஹெட்செட்டின் ஒரு காதில் நிகழ்ச்சியின் ஒலி வரும், மற்றொன்றில் தயாரிப்பாளர். தான் பேசிக்கொண்டிருக்கும்போதே காதில் இன்னொருவர் "பத்து நொடியில் விளம்பரம்" என்பார். பேச்சு தடுமாறக் கூடாது, வாக்கியம் பத்தாவது நொடியில் முடியவும் வேண்டும். புதியவர்களில் பலர் முதல் வாரத்தில் பேச்சை நிறுத்தித் தயாரிப்பாளருக்குப் பதில் சொல்லிவிடுவார்கள், அதுவும் நேரலையில்.

முன்னால் உள்ள சிறு பெட்டியில் இரண்டு பொத்தான்கள். ஒன்று இருமல் பொத்தான்: அழுத்தியிருக்கும் வரை மைக் அடங்கியிருக்கும். மற்றது டாக்பேக்: அழுத்தினால் குரல் வேனுக்கு மட்டும் போகும். இரண்டையும் மாற்றி அழுத்துவதால் வரும் விபத்துகள் ஏராளம். எந்த விரல் எந்தப் பொத்தானுக்கு என்று முன்பே தீர்மானித்துக்கொள்வது நல்லது.

குரல் கம்முவதற்கான காரணமும் பெரும்பாலும் ஹெட்செட்டிலேயே இருக்கிறது. அரங்கின் இரைச்சலில் தன் குரல் கேட்காததால் வீரர் கத்தத் தொடங்குகிறார். மூன்றாம் கால்பகுதியில் தொண்டை போய்விடுகிறது. தன் குரலின் அளவைக் காதில் கூட்டி வைக்கச் சொல்வதே தீர்வு. மைக் வாயிலிருந்து இரண்டு விரற்கடை தூரத்தில், சற்றே ஓரமாக இருந்தால் மூச்சுக்காற்று இடிக்காது.

2020இல் பெருந்தொற்றின்போது பரவிய தொலைதூர வர்ணனையில் வேறு சிக்கல். வர்ணனையாளர் அரங்கில் இல்லை, திரையைப் பார்த்துப் பேசுகிறார். கேமரா காட்டாத பெஞ்சும், பந்திலிருந்து தூரத்தில் நடக்கும் தள்ளுமுள்ளும் தெரியாது. பத்துப் பேரையும் ஒன்றாகப் பார்ப்பதுதான் முன்னாள் வீரரின் பலம் என்றால், இங்கே அந்தப் பலமே பாதியாகிறது. முழு மைதானத்தையும் காட்டும் ஒரு தனி அகலக் கோணத்தை இரண்டாவது மானிட்டரில் கேட்டு வாங்குவது இதற்கு ஓரளவு ஈடு.

ஆட்டத்துக்கு முன் மேசையில் என்ன இருக்கும்

ஒரு பெரிய தாள் அல்லது அட்டை. இரு அணிகளின் வீரர்களும் எண் வரிசையில். ஒவ்வொருவருக்கும் நான்கு விஷயங்கள் போதும்: பெயரின் சரியான உச்சரிப்பு, அண்மைய ஐந்து ஆட்டங்களின் போக்கு, விரும்பி அடிக்கும் இடம், தடுப்பில் உள்ள ஒரு பலவீனம். இதற்கு மேல் எழுதினால் நேரலையில் தேட நேரமிருக்காது. காலைப் பயிற்சியின்போது பயிற்சியாளர்களிடம் கேட்க மூன்று கேள்விகள். மூன்றும் 'எப்படி' என்று தொடங்கினால் நல்லது. 'வெல்வீர்களா' என்பதற்கு வரும் பதிலால் எந்தப் பயனும் இல்லை.

விதிப்புத்தகத்தைத் தனியாகப் படிக்க வேண்டும். பதினைந்து ஆண்டு ஆடியவருக்கும் விதி வாக்கியமாகத் தெரிந்திருக்காது. கூடைக்கு அடியில் உள்ள வளைவின் ஆரம் என்பிஏவில் 4 அடி. தடுப்பாளர் அதற்கு வெளியே நிற்க வேண்டும். எதிராளி மேலே எழத் தொடங்கும் முன்பே சரியான நிலையை எடுத்திருக்கவும் வேண்டும். மோதலில் தவறு யாருடையது என்பது பெரும்பாலும் இந்த இரண்டில் அடங்கும். 2019-20 முதல் பயிற்சியாளர்கள் தீர்ப்பை எதிர்த்து முறையிடலாம் என்று ஆனபிறகு, நடுவர்கள் திரையைப் பார்க்கும் அந்த இரண்டு நிமிடமும் ஆய்வாளர் தலையில் விழுகிறது. விதி தெரியாதவர் அங்கே வெளிப்பட்டுவிடுவார்.

அடிக்கடி தவறும் இடங்கள்

1. 'நாங்கள்' என்று சொல்வது. பழைய அணியைப் பற்றிப் பேசும்போது நாக்கில் வந்துவிடும். தேசிய ஒளிபரப்பில் மறு அணியின் ரசிகர்கள் அப்போதே காதை மூடிக்கொள்வார்கள்.
2. நண்பர்களை விமர்சிக்கத் தயங்குவது. ஆளைத் தொடாமல் செயலைச் சொல்வதே வழி: "சோம்பேறி" என்பதற்குப் பதில் "திரும்பி ஓடவில்லை, அதனால் மூலையில் ஆள் தனியாக நின்றார்."
3. 'எங்கள் காலத்தில்' என்ற ஒப்பீடு. ஒரு முறை சுவை, மூன்றாம் முறை சலிப்பு.
4. மௌனத்துக்குப் பயப்படுவது. கடைசி நொடியில் வென்ற ஷாட்டுக்குப் பிறகு அரங்கின் ஆரவாரத்தைப் பேசாமல் விட்டுவிட வேண்டும்.

நேரலையில் காயம் ஏற்படும்போது

காயத்தால் வந்தவர்களுக்கு மிகக் கனமான நேரம் இது. அவர்கள் வார்த்தைக்கு இங்கே கூடுதல் மதிப்பு உண்டு. அதனாலேயே கூடுதல் ஆபத்தும் உண்டு. 2019 என்பிஏ இறுதித் தொடரின் ஐந்தாவது ஆட்டத்தில், கெண்டைக்கால் காயத்திலிருந்து ஒரு மாதம் கழித்துத் திரும்பிய கெவின் டுராண்ட் இரண்டாம் கால்பகுதியில் கீழே உட்கார்ந்து காலைப் பிடித்தார். குதிகால் நாண் அறுந்தது பரிசோதனைக்குப் பிறகே உறுதியானது. இதுபோன்ற கணத்தில் சொல்லக் கூடியது கண்ணுக்குத் தெரிவது மட்டுமே: எந்தக் கால், யாராவது மோதினார்களா, எழுந்து நடக்க முடிகிறதா. நோயின் பெயரையும் எத்தனை மாதம் என்பதையும் மருத்துவர் சொல்லும்வரை சொல்லக் கூடாது. அந்த வீரரின் தாயும் அதே ஒளிபரப்பைத்தான் பார்த்துக்கொண்டிருக்கலாம். கொடூரமான ரீப்ளேயை மீண்டும் போட வேண்டாம் என்று டாக்பேக்கில் கேட்கும் உரிமையும் ஆய்வாளருக்கு உண்டு; தயங்காமல் கேட்க வேண்டும். 2013 மார்ச்சில் கல்லூரி வீரர் கெவின் வேரின் கால் எலும்பு முறிந்தபோது, சிபிஎஸ் சீக்கிரமே அந்தக் காட்சியைக் காட்டுவதை நிறுத்தியது.

உடல் இங்கேயும் கணக்குக் கேட்கும்

உட்கார்ந்து பேசும் வேலைதானே என்று எண்ணக் கூடாது. விமானப் பயணமும், குறுகலான மேசையில் இரண்டரை மணி நேரம் அசையாமல் இருப்பதும், உலோகத்தாலும் திருகாணியாலும் இணைத்த மூட்டுகளுக்கு நல்லதல்ல. பில் வால்டன் 1977இல் போர்ட்லேண்டுக்கும் 1986இல் பாஸ்டனுக்கும் கோப்பை வாங்கித் தந்தவர். பாதக் காயங்களால் அவர் ஆட முடிந்தது 468 ஆட்டங்கள்தான். அவருக்குத் திக்குவாயும் இருந்தது. 28ஆம் வயதில் வர்ணனையாளர் மார்ட்டி கிளிக்மேனின் வழிகாட்டுதலில் அதை வென்று, நாடறிந்த வர்ணனையாளர் ஆனார். பிறகு முதுகெலும்பு அவரை மைக்கிலிருந்தும் சில ஆண்டுகள் விலக்கிவைத்தது. அறுவைக்குப் பின் 2012இல் கல்லூரி ஆட்டங்களுக்குத் திரும்பி, 2024இல் காலமாகும் ஆண்டு வரை பேசினார். இந்தத் துறைக்கு வரும் எவரும் படிக்க வேண்டிய வாழ்க்கை அவருடையது.

வாய்ப்பு எங்கிருந்து வருகிறது

என்பிஏ 2024இல் டிஸ்னி, என்பிசி, அமேசான் ஆகியோருடன் 11 ஆண்டுக்குச் செய்த ஒப்பந்தம் ஏறத்தாழ 7,600 கோடி டாலர். 2025-26 முதல் புதிய ஒளிபரப்பாளர்கள் வந்ததால் புதிய நாற்காலிகளும் வந்தன. நாற்காலிகள் எதிர்பாராமலும் காலியாகும்: இஎஸ்பிஎன்னில் இருந்த டாக் ரிவர்ஸ் 2024 ஜனவரியில் பயிற்சியாளராகப் போனார், அவர் இடத்துக்கு வந்த ஜே.ஜே. ரெடிக்கும் அதே ஜூனில் லேக்கர்ஸ் பயிற்சியாளர் ஆனார். நலன் மோதும் கேள்வியும் இதனால் வருகிறது. கிராண்ட் ஹில் 2015 முதல் என்பிஏ அணியான அட்லாண்டா ஹாக்ஸின் பங்கு உரிமையாளர்களில் ஒருவர். இத்தகைய தொடர்பைப் பார்வையாளருக்கு வெளிப்படையாகச் சொல்வதே நேர்மையான நடைமுறை.

பெரும்பாலானோருக்கு வழி இவ்வளவு உயரத்தில் தொடங்குவதில்லை. தொடங்கும் விதம் இது:

1. மறுவாழ்வுப் பயிற்சிக் காலத்திலேயே ஒலியை அணைத்து ஆட்டத்தை ஓடவிட்டு, பேசிப் பதிவுசெய்வது. வாரம் இரண்டு ஆட்டம்.
2. மறுநாள் கேட்டு மூன்றை மட்டும் எண்ணுவது: நடுக்கோட்டுக்குப் பின் பேசியது எத்தனை முறை, காரணம் சொல்லாத பாராட்டு எத்தனை, நிரப்புச் சொல் எத்தனை.
3. வானொலியில் ஒரு பருவம். படம் இல்லாததால் இடத்தையும் அசைவையும் சொல்லாலேயே காட்ட வேண்டிவரும். தொலைக்காட்சிக்குப் போகும்போது அதில் பாதியைக் கழித்தால் போதும்.
4. வீரர் சங்கத்தின் பயிற்சி முகாம்களில் சேர்வது. என்பிஏ வீரர் சங்கம் சிராகியூஸ் பல்கலைக்கழகத்தோடு சேர்ந்து இதற்கென்றே முகாம் நடத்தியிருக்கிறது.
5. மூன்று நிமிட மாதிரிப் பதிவு. பரபரப்பான கடைசி நிமிடத்தை அனுப்பக் கூடாது; அங்கே ஆட்டமே தன்னைப் பேசிக்கொள்ளும். ஓர் அணி 20 புள்ளி முன்னிலையில் இருக்கும் மூன்றாம் கால்பகுதியை அனுப்ப வேண்டும். அந்த நேரத்தில் சொல்வதற்கு ஏதாவது இருக்கிறதா என்பதைத்தான் தயாரிப்பாளர் தேடுகிறார்.